வந்த வழி திரும்பாதவர்

அவரை நான் முதன்முதலில் பார்த்தபோது அவருடைய ஒரு கால் எங்கள் வீட்டுப் பின்வேலியின் மேல் இருந்தது. மற்றொன்று எங்கள் புல்தரையில். ஞாயிற்றுக்கிழமை காலை, நான் துணி காயப்போட்டுக்கொண்டிருந்தேன். மழைச்சட்டை, கணுக்காலுக்கு மேல் இறுக்கிக் கட்டிய கனத்த பூட்ஸ், தலையில் தொப்பி, வேலியில் சாய்த்துவைத்த இரண்டு ஊன்றுகோல்கள். திருட வந்தவன் இவ்வளவு தயாரிப்போடு வரமாட்டான் என்ற நம்பிக்கையில் கத்தாமல் நின்றேன்.

“குட் மோர்னிங்” என்றார். பிறகு கொடியில் தொங்கிய வேட்டியைப் பார்த்துவிட்டு, “தமிழோ?” என்றார்.

“ஆமா. நீங்க?”

“ஓம். பயப்பிடாதையுங்கோ பிள்ளை, நாங்கள் அடுத்த ரோட்டிலதான் இருக்கிறம். நடக்க வந்தனான். பார்த்தா உங்கட ரோட்டு முடிஞ்சு போச்சு.”

“தெருமுனையிலேயே போர்டு வச்சிருக்கே அங்கிள், நோ எக்ஸிட்னு.”

“கண்டனான். அது காருக்கு.”

“அப்படியே திரும்பி நடந்தீங்கன்னா…”

“நான் வந்த வழியால திரும்பிப் போறேல்லை” என்றார். சைவச் சாப்பாட்டுக்காரர் பந்தியில் மீன் வேண்டாம் என்று சொல்கிற அதே பணிவு. அப்புறம் மற்றக் காலையும் தூக்கிப் போட்டு, வேலிக்கு அந்தப் பக்கம் இருந்த ஓடைக்கரைப் பூங்காவில் இறங்கி, தொப்பியைத் தொட்டு எனக்கு நன்றி சொல்லிவிட்டு நடந்தார். வேலியில் ஒரு பலகை பெயர்ந்து அவருடன் போய்விட்டது.

எங்கள் புறநகரான பிளாட் புஷ்ஷை வரைந்தவர் யாரோ தெரியாது. சாலை என்றால் எங்காவது போய்ச் சேர வேண்டும் என்ற எண்ணம் அவருக்கு இருந்ததாகத் தெரியவில்லை. அப்போது வீடுகள் முளைத்துக்கொண்டிருந்த காலம். இரண்டாயிரத்துப் பத்துகளின் தொடக்கம். எந்தத் தெருவில் நுழைந்தாலும் பத்து வீடு, ஒரு வட்டம், முடிந்தது. ஆக்லாந்து முழுவதும் தேடி, இப்படி ஒரு முட்டுச்சந்துக் காட்டில் வந்து மார்ட்கேஜ் போட்டு வீடு வாங்கியிருக்கிறார், வந்த வழி திரும்பாத விரதக்காரர். அந்தப் பொருத்தத்தை நினைத்து நானும் என் கணவரும் பல மாலைகள் சிரித்திருக்கிறோம். பலகையைத் திரும்ப அடிக்க வேண்டும் என்று கணவர் சொன்னார். சொல்லிக்கொண்டே இருந்தார். அடுத்த ஞாயிறும் அவர் வந்தார். பலகை இல்லாத இடைவெளி வழியாகக் குனிந்து போய், “இப்ப சுகமா இருக்கு” என்று பாராட்டினார்.

அவரை எங்கள் பகுதிப் பிள்ளைகள் லூப் அங்கிள் என்று அழைத்தார்கள். அவர் காதுபடவேதான். அவருக்கு அதில் பெருமை.

மனுகாவ் மாலுக்கு அவரோடு போவது ஓர் அனுபவம். ஒரு வாசலால் நுழைந்தால் இன்னொரு வாசலால்தான் வெளியே வருவார். கார் முதல் வாசலில் நிற்கும். ஆன்ட்டி, அவருடைய மனைவி, ஆரம்பத்தில் பையைத் தூக்கிக்கொண்டு கட்டடத்தைச் சுற்றி அவர் பின்னால் நடந்திருக்கிறார். பிறகு காரோட்டக் கற்றுக்கொண்டார். சாவியைத் தன் கைப்பையில் போட்டுக்கொண்டு, வந்த வாசலாலேயே நிம்மதியாக வெளியேறி, காரை எடுத்துக்கொண்டு மறுபக்கம் போய் அவரை ஏற்றிக்கொள்வார். “இந்த மனுசனாலதான் நான் லைசன்ஸ் எடுத்தனான்” என்று நன்றியோடு சொல்வார். சூப்பர் மார்க்கெட்டில் பால் மறந்துபோனால் மறந்ததுதான். தாண்டிவந்த வரிசைக்குள் மறுபடி நுழைய மாட்டார். கடை முழுவதையும் இன்னொரு சுற்று வந்து பாலை எடுப்பார். அதற்குள் வேறு நாலு சாமான் வண்டியில் ஏறியிருக்கும்.

“வீட்டுல கக்கூசுக்கு ஒரு கதவுதானே, அங்க என்ன பண்றாராம்?” என்று என் கணவர் ஒருநாள் கேட்டார். நான் ஆன்ட்டியிடம் கேட்கவில்லை. ஆனால் அந்தக் கேள்வி என்னை விட்டுப் போக வெகுநாள் ஆனது.

இந்த வியாதிக்கெல்லாம் மூலம் அவர்கள் வீட்டுக் கூடத்தில் தொங்கியது. மற்றவர்கள் வீட்டில் கல்யாணப் படமோ பிள்ளையின் பட்டமளிப்புப் படமோ மாட்டியிருக்கும் இடத்தில், கண்ணாடிச் சட்டம் போட்டு ஒரு வரைபடம். வட இங்கிலாந்தின் மலைப்பகுதி. பச்சையும் பழுப்புமாக மலைகள். அவற்றுக்கு நடுவே, ஏறி, இறங்கி, ஆறு தாண்டி, பல ஊர்களைத் தொட்டு, கிளம்பிய சந்தைச் சதுக்கத்துக்கே வந்து சேரும் ஒரு நடைபாதை. பல நாள் நடை. பாதையின் பெயரை நான் இங்கே எழுதப்போவதில்லை. எழுதினால் எங்கிருந்தாலும் வந்து என் உச்சரிப்பைத் திருத்துவார்.

“தொடங்கின இடத்துக்கே வந்து சேருவீங்கள். ஆனா ஒரு அடியும் திரும்பி வைக்கமாட்டீங்கள். விளங்குதே?” என்று கண்கள் மினுங்கக் கேட்பார்.

“கிரிவலம் மாதிரி” என்றேன் முதல் தடவை.

அவர் முகம் போன போக்கைப் பார்க்க வேண்டும். “கிரிவலத்தில கடப்பு இருக்கோ?” என்றார்.

கடப்பு என்றால் எனக்கு விளங்கவில்லை. யாழ்ப்பாணத்தில் வேலியை ஆள் தாண்டுவதற்கு விடும் குறுகிய வழியாம். இங்கிலாந்து மலைகளில் வயலுக்கு வயல் கல்மதில் உண்டு. ஆடு தாண்டாமல் ஆள் மட்டும் தாண்ட, மதிலில் ஏறி இறங்கும்படி படி வைத்திருப்பார்கள். ஒரு நேரம் ஒருவர்தான் ஏறலாம். வெள்ளைக்காரன் ஸ்டைல் என்பான், நம்முடைய கடப்புத்தான் என்று விளக்கினார். உலகத்திலுள்ள நல்ல பொருள் எல்லாம் ஒன்று அந்தப் பாதையில் இருந்தது, அல்லது அவருடைய ஊரில் இருந்தது. நியூசிலாந்துக்கு மிச்சம் விழவில்லை. இங்குள்ள மலைகளைப் பற்றி அவருக்கு இருந்த அபிப்பிராயத்தை எந்தச் சுற்றுலாத் துறையும் அச்சிடாது. “இது மலையில்லைப் பிள்ளை, புட்டி, சின்ன மேடு” என்பார், இரண்டு மணி நேரம் மூச்சு வாங்க ஏறி உச்சியில் நிற்கும்போது.

சனிக்கிழமை நடைக்குழு அவருடைய படைப்பு. என்றாவது ஒருநாள் எல்லோரும் சேர்ந்து இங்கிலாந்து போய் அந்தப் பாதையை முழுதாகச் சுற்றுவது என்பதுதான் இலட்சியம். அதற்கான பயிற்சி வாராவாரம் இங்கே. நாங்கள் இரண்டு பேர், அவர்கள் இரண்டு பேர், மலேசியாவிலிருந்து வந்த ஒரு சிலாங்கூர்க்காரர், அவர் மனைவி. யாரும் டிக்கெட் விலைகூட விசாரித்ததில்லை. ஆனால் இலட்சியம் என்று ஒன்று இருந்தால் புளியோதரை கட்டிக்கொண்டு போக ஒரு காரணம் கிடைக்கிறது, இல்லையா.

குழுவுக்குச் சட்டங்கள் இருந்தன. சுற்றி வரும் பாதையில் மட்டுமே நடை. குறுக்கு வழி கூடாது. திரும்புதல் கூடவே கூடாது. எல்லாவற்றுக்கும் மேலாக ஒரு சட்டம்: ஒடுங்கின வழியில் எதிரெதிரே ஆள் வந்தால், இறங்குகிறவர் ஒதுங்கி ஏறுகிறவருக்கு வழி விட வேண்டும். அதுதான் மலைநடையின் மரியாதை, அங்கே சின்னப் பிள்ளைக்கும் தெரியும் என்பார். இங்கே பெரியவர்களுக்கும் தெரிந்திருக்கவில்லை. அதை அவர் சும்மா விட்டுவிடவில்லை. ஏறும்போது எதிரே யார் இறங்கி வந்தாலும் நடுப்பாதையில் நின்று, ஊன்றுகோலை உயர்த்தி, “அப்ஹில் ஃபர்ஸ்ட், ப்ளீஸ்!” என்று அறிவிப்பார். ஓடிவரும் இளைஞர்கள், தள்ளுவண்டியில் குழந்தையைக் கொண்டுவரும் அம்மாக்கள், ஒருமுறை சறுக்கிக்கொண்டே வந்த, நிற்க முடியாத ஒரு சீனத் தாத்தா, யாருக்கும் விலக்கு கிடையாது. தாத்தா அவர்மேல் வந்து மோதித்தான் நின்றார். நாங்கள் பின்னால் நின்று மரங்களை ரசிப்போம்.

பண்ணைக் கதையைச் சொல்லாமல் அவரைச் சொல்லி முடியாது.

எங்கள் புறநகர் தீர்ந்து மேய்ச்சல் நிலங்கள் தொடங்கும் இடத்தில் ஒரு புதிய சுற்றுப்பாதையைக் கண்டுபிடித்திருப்பதாக ஒரு சனிக்கிழமை அழைத்துப்போனார். தார்ச்சாலை முடிந்தது. மண்பாதை முடிந்தது. ஒரு இரும்புக் கேட் வந்தது. அவர் அதைத் திறந்து எங்களை உள்ளே விட்டு, ஒழுங்காகச் சாத்தி, முன்னால் நடந்தார்.

“அங்கிள், இது பார்க் இல்ல லா. ஆள் வீட்டுக் கொல்லை!” என்றார் சிலாங்கூர்க்காரர்.

“பண்ணைக்காரன்ர காணிக்குள்ளால நடக்கிறது நடக்கிறவன்ர உரிமை. கேட்டைச் சாத்தினாச் சரி” என்றார் இவர்.

அது இங்கிலாந்தின் உரிமை. அங்கே காலங்காலமாக ஆள் நடந்த தடத்தைப் பண்ணைக்காரன் மறிக்க முடியாது. அந்த உரிமை விமானம் ஏறி இங்கே வரவில்லை என்பதை இத்தனை வருடத்தில் அவருக்கு யாரும் சொல்லவில்லை போலும். சொல்லியிருந்தாலும் கேட்டிருக்க மாட்டார்.

மூன்று மேய்ச்சல் நிலம் தாண்டியபின் நாலுசக்கர மோட்டார் பைக் ஒன்று பின்னால் ஒரு சிறு வண்டியை இழுத்துக்கொண்டு எங்களை நோக்கி வந்தது. அரைக்கால் சட்டையும் முழங்கால் உயர ரப்பர் கம்பூட்ஸும் போட்ட பண்ணைக்காரர். கோபம் இல்லை. தன் மாட்டுக்கு நடுவில் புடவைகட்டிய இரண்டு பெண்களைப் பார்த்த திகைப்புத்தான். எங்கே போகிறீர்கள் என்றார். இவர் உரிமையைப் பற்றி ஒரு சொற்பொழிவு ஆற்றினார். பண்ணைக்காரர் முழுவதும் கேட்டார். பிறகு, அடுத்த வேலிக்கு அப்பால் காளை நிற்கிறது, தயவுசெய்து வந்த வழியே திரும்பிப் போங்கள் என்றார்.

அந்த மனிதர் வேறு எதைச் சொல்லியிருந்தாலும் பரவாயில்லை.

நாங்கள் ஐந்து பேரும் காளை என்ற சொல்லிலேயே திரும்பிவிட்டோம். இவர் நின்றார். அந்தப் பக்கக் கேட்டுக்குத்தான் போவேன் என்றார். பண்ணைக்காரர் தொப்பியைக் கழற்றித் தலையைச் சொறிந்தார், வானத்தைப் பார்த்தார், கடைசியில் பின்வண்டியைக் காட்டினார். வைக்கோல் கட்டுகளுக்கு நடுவே, ஊன்றுகோல்களை மடியில் வைத்து, ஊர்வலத்து மாப்பிள்ளை மாதிரி அவர் போய்க்கொண்டிருந்த காட்சியை நாங்கள் கேட்டில் நின்று பார்த்தோம். காளையும் பார்த்தது. சாலையைச் சுற்றி அந்தப் பக்கம் போய் ஆன்ட்டி அவரைக் காரில் ஏற்றிக்கொண்டார்.

“திரும்பேல்லைத்தானே?” என்றார் அவர், சட்டையில் வைக்கோலைத் தட்டியபடி.

“ஓம், திரும்பேல்லை. ஏத்தி இறக்கினவங்கள்” என்றார் ஆன்ட்டி.

ஆன்ட்டியின் நாக்கு அப்படித்தான். அவர் இல்லாவிட்டால் நாங்கள் அந்தக் குழுவில் ஒரு மாதம்கூட நீடித்திருக்க மாட்டோம்.

மகளைப் பற்றிச் சொன்னதும் ஆன்ட்டிதான். எனக்கு ஆஸ்பத்திரி லேபில் வேலை, ஷிப்ட் முடிந்து வரும் வழியில் அவர்கள் வீட்டில் எட்டிப் பார்ப்பது வழக்கம். ஒரு மாலை போனபோது ஆன்ட்டி சமையலறைக் கதவைச் சாத்திக்கொண்டு போனில் மெல்லக் கதைத்துக்கொண்டிருந்தார். அவர் கூடத்தில் வரைபடத்துக்கு முன்னால் உட்கார்ந்து, டிவியை உரக்க வைத்து, காது கேட்காதவர்போல் பார்த்துக்கொண்டிருந்தார். டிவியில் ரக்பி. அவருக்கு ரக்பி தெரியாது.

“மகளோட கதைச்சனான்” என்றார் ஆன்ட்டி, போனை வைத்துவிட்டுக் கதவைத் திறந்ததும்.

“உங்களுக்கு மகள் இருக்காங்களா!”

“ஒண்டே ஒண்டு.” மாவைப் பிசையத் தொடங்கினார். “இங்கிலாந்தில இருக்கிறாள். அந்தப் படத்தில ஒரு சந்தை இருக்கெல்லோ, பாதை தொடங்கிற இடம். அந்த ஊரில.”

நான் கூடத்தைத் திரும்பிப் பார்த்தேன். இத்தனை நாளும் நாங்கள் மலைகளைத்தான் பார்த்துக்கொண்டிருந்திருக்கிறோம். அவர் எதைப் பார்த்துக்கொண்டிருந்தார் என்று யாருக்கும் தோன்றவில்லை.

அந்த ஊரில்தான் அவர்கள் பல வருடம் இருந்தார்கள். இவர் அங்கே பாலங்களைப் பார்த்துக்கொள்ளும் என்ஜினியர். சனி ஞாயிறு வந்தால் மகளைக் கூட்டிக்கொண்டு அந்தப் பாதையில் ஒரு துண்டு நடப்பார். இந்த வாரம் இந்த ஊரிலிருந்து அந்த ஊர்வரை, அடுத்தமுறை அங்கிருந்து மேலே. அப்படியே மகள் வளர்ந்தாள், பாதையும் வளர்ந்தது. கடைசி ஒரு துண்டு மட்டும் மிச்சம் இருந்தபோது இவருக்கு ஆக்லாந்தில் வேலை கிடைத்தது. மகள் வரமாட்டேன் என்றாள். படிப்பு, சிநேகிதர்கள், அவளுடைய ஊர் அது. அவர் கேட்கவில்லை. இரண்டு பக்கமும் வாய் வளர்ந்தது.

“‘நான் போனா உன்னைத் தேடித் திரும்பி வரமாட்டன்’ எண்டு இவர் சொன்னார். ‘நானும் வரமாட்டன்’ எண்டு அவள் சொன்னாள். இவரின்ர பிள்ளைதானே. எட்டு வருசமாச்சு. நான் போய்ப் பார்த்திட்டு வாறனான். இவர் என்னை ஏர்போர்ட்டில விட்டிட்டு, அவள் எப்பிடி இருக்கிறாள் எண்டு ஒரு சொல்லும் கேக்காம, வேற ரோட்டால வீட்டை வருவார்.”

“எப்பவுமே இப்படித்தானா, ஆன்ட்டி?”

“ஊரை விட்டு, யாழ்ப்பாணத்தை விட்டு வந்தாப் பிறகுதான். எங்கட வீடு இப்ப இல்லைப் பிள்ளை. ரோட்டுக்கூட இல்லை. திரும்பிப் போக இடமில்லாதவை, நாங்கள் திரும்பிறேல்லை எண்டு சொன்னா, கொஞ்சம் மரியாதையா இருக்குமெல்லோ?”

அன்றைக்கு எனக்குச் சிரிப்பு வரவில்லை. வீட்டுக்கு வந்து பலகை இல்லாத வேலியைப் பார்த்துக்கொண்டு கொஞ்ச நேரம் நின்றேன். அவர்மேல் இரக்கமும் வந்தது, நன்றாக நாலு வார்த்தை கேட்க வேண்டும் என்ற ஆத்திரமும் வந்தது. ஆன்ட்டிக்கு முதுகுவலி அதிகமாகிக்கொண்டிருந்தது. அத்தனை நீண்ட விமானப் பயணம் இனி எத்தனை முறை முடியும் என்று டாக்டரே சந்தேகப்பட்டார். தான் நடமாடும்போதே இவர்கள் இரண்டு பேரும் ஒரு வார்த்தை பேசிப் பார்த்துவிட வேண்டும் என்பதுதான் ஆன்ட்டியின் ஒரே ஆசை. அவர்களோ பூமிப்பந்தின் ஆளுக்கொரு முனையில் விறைப்பாக நின்றுகொண்டிருந்தார்கள்.

மங்கரே மலையில் நடந்தது அதற்குப் பிறகு. எரிமலை வாய், அதன் விளிம்பைச் சுற்றிப் புல்மேட்டில் பாதை. தூரத்தில் விமானங்கள் இறங்கும். நானும் ஆன்ட்டியும் வழக்கம்போல் பின்தங்கிவிட்டோம். அவர் எங்களுக்காக நிற்பார், நாங்கள் போய்ச் சேர்ந்ததும் கிளம்பிவிடுவார். ஓய்வு எடுத்தது அவர் மட்டும்தான். எனக்கு எரிச்சல் வந்தது.

“ஆன்ட்டி, நாம இந்தப் பக்கமா நடப்போம். வட்டம்தானே, எதிர்ல வந்து நம்மகிட்ட மாட்டுவார்.”

எதிர்த்திசையில் சாவகாசமாக நடந்தோம். விளிம்பின் மறுபக்கத்தில் அவர் நேருக்கு நேர் வந்து நின்றார். நாங்கள் தவறான திசையில் வருவதாகக் கத்தினார். வலமாக வருவதுதான் முறையாம், கிரிவலத்தை மட்டம் தட்டிய அதே மனிதர். நான் அவரோடு மல்லுக்கு நின்றுகொண்டிருந்தேன். ஆன்ட்டி பாதையை இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் பார்த்துக்கொண்டிருந்தார். வீட்டுக்குப் போகும் வழியிலும் ஏதோ யோசனையில்தான் இருந்தார். முதுகுவலி என்று நினைத்தேன்.

அடுத்த மாதம் ஆன்ட்டி இரண்டு டிக்கெட் போட்டுவிட்டார். மகளைப் பார்க்க அல்ல, அந்தப் பேச்சே இல்லை. பாதையை முடிக்க. “மிச்சத் துண்டை விட்டிட்டுச் சாகப்போறீங்களோ?” என்று கேட்டாராம். அவர் இரண்டு நாள் யோசித்துவிட்டு, கடைசித் துண்டு மட்டும் போதாது, முழு வட்டத்தையும் முதலிலிருந்து நடப்பேன் என்றார். குழுவையும் அழைத்தார். இலட்சியம் கண்ணெதிரே வந்து நின்றதும் எங்களுக்கு லீவு கிடைக்கவில்லை, சிலாங்கூர்க்காரருக்கு முட்டி வலித்தது.

அவர்கள் போயிருந்தபோது என் கணவர் ஒருவழியாக வேலிப் பலகையை அடித்தார். சனிக்கிழமை வந்தால் எங்களுக்கு என்ன செய்வதென்றே தெரியவில்லை. புளியோதரையை வீட்டிலேயே உட்கார்ந்து சாப்பிட்டோம். அது நன்றாகவே இல்லை.

திரும்பி வந்த அன்றே ஆன்ட்டி என்னைக் கூப்பிட்டார். அங்கிள் தூங்கிக்கொண்டிருந்தார். சமையலறைக் கதவைச் சாத்திக்கொண்டு, சிரிப்பை அடக்கியபடி சொன்னார்.

இவர் நாள் முழுக்க நடப்பார். ஆன்ட்டி பஸ்ஸில் போய் அடுத்த ஊரில் அறை எடுத்துக் காத்திருப்பார். தொடங்குவதற்கு முந்தைய இரவு மகளின் ஊரில்தான் தங்கினார்கள். இவர் விடியவே எழும்பி, மகள் வீட்டுத் தெருவுக்கு ஒரு தெரு தள்ளி நடந்து, மலையேறிவிட்டார். அப்போதே ஆன்ட்டிக்குத் தெரிந்துவிட்டது: முடிக்கும்போதும் இதைத்தான் செய்வார், சந்தைச் சதுக்கத்தில் ஒரு படம் எடுத்துக்கொண்டு அடுத்த ரயிலில் ஏறிவிடுவார்.

“அவளுக்குப் போன் எடுத்தனான். ‘நீ அப்பாவைப் பார்க்க வரவேண்டாம். நீ வரமாட்டாய், எனக்குத் தெரியும். சும்மா நடக்கப் போ. அந்தக் கடைசித் துண்டை, உங்கட ஊர்ப் பக்கத்தில இருந்து மற்றப் பக்கமா நட’ எண்டு சொன்னன். பிறகு சொல்லுறாள், ‘நான் அந்தத் துண்டு இன்னும் நடக்கேல்லை அம்மா’ எண்டு. அந்த ஊரிலயே இருக்கிறாள் பிள்ளை. எட்டு வருசமா.”

கடைசி நாள் மட்டும் ஆன்ட்டி முதுகுவலியைப் பொருட்படுத்தாமல் அவரோடு நடந்தார். இதைத் தவறவிடுவேனா என்றார். நல்ல மழை. கீழே ஆற்றிலிருந்து செங்குத்தாக ஏற்றம். இவர் முன்னால் ஏறிக்கொண்டிருந்தார். பாதிமலையில் ஒரு கல்மதில், அதில் கடப்பு. இவர் படியில் கால் வைக்கவும், மேலேயிருந்து இறங்கி வந்த யாரோ ஒருத்தி மறுபக்கப் படியில் கால் வைக்கவும் சரியாக இருந்தது. மழைச்சட்டைத் தொப்பியில் முகம் தெரியவில்லை.

“இவர் என்ன செய்திருப்பார், சொல்லும் பார்ப்பம்?” என்றார் ஆன்ட்டி.

“அப்ஹில் ஃபர்ஸ்ட், ப்ளீஸ்.”

“அதேதான்! பெத்த பிள்ளையைப் பார்த்து! கோலை வேற தூக்கினார். அவள் தொப்பியை எடுத்திட்டு, ‘தெரியும் அப்பா’ எண்டாள். காலை எடுத்து அங்கால ஒதுங்கி நிண்டாள், இவர் ஏறட்டும் எண்டு. இவர் ஏறேல்லை. ரெண்டு விசரும் மதிலுக்கு அந்தப் பக்கமும் இந்தப் பக்கமும் மழையில நிக்குதுகள். ஆடெல்லாம் வந்து பார்க்குது. எனக்கு முதுகு உயிர்போகுது. நான் வாயைத் திறக்கேல்லை. திறந்தா அழுதிடுவன்.”

“அப்புறம்?”

“இவர் படியில இருந்து காலை இறக்கினார். திரும்பிப் பார்க்காம அப்பிடியே பின்னுக்குப் போனார். ஆட்டுப் புழுக்கையை மிதிச்சு, சறுக்கி, என்ர கையைப் பிடிச்சு நிண்டார். நிண்டிட்டு, ‘நீ வா பிள்ளை’ எண்டார்.”

ஆன்ட்டி அழுதார். நானும் அழுதேன். அடுப்பில் ஏதோ அடிப்பிடித்தது. மகள் மதிலைத் தாண்டி இந்தப் பக்கம் வந்திருக்கிறாள். பிறகு மூன்று பேரும் அவளுடைய வீட்டுக்குத்தான் போயிருக்கிறார்கள். அதற்கு அவள் வந்த வழியாலேயே திரும்பி நடக்க வேண்டியிருந்தது. அதை யாரும் கவனித்ததாக ஆன்ட்டி சொல்லவில்லை.

என் கணவரிடம் சொன்னேன். அவர் சுத்தியலை எடுத்துக்கொண்டு பின்பக்கம் போனார். பலகையைப் பெயர்க்கும் சத்தம் கேட்டது.

ஞாயிற்றுக்கிழமை அவர் வந்தார், ஆன்ட்டியோடு. டீ கொடுத்தேன். பாதை எப்படி என்று கேட்டதும் ஒரு மணி நேரம் சொன்னார். எந்த ஊரில் சேறு, எந்தக் குன்றில் காற்று, எந்தச் சத்திரத்தில் டீ கழுநீர். கடைசித் துண்டு வந்தபோது, “அதுவும் நல்ல பாதை” என்று முடித்துவிட்டார். எனக்குச் சும்மா இருக்க முடியவில்லை.

“அங்கிள், நீங்க கடப்புல பின்னால போனீங்களாமே?”

அவர் டீயைக் கீழே வைத்தார். ஆன்ட்டியைப் பார்க்கவில்லை. என்னையும் பார்க்கவில்லை.

“அது திரும்பினது இல்லைப் பிள்ளை” என்றார். “அது முறை. ஏறி வாறவைக்கு இறங்கிறவைதான் வழி விடவேணும். எத்தினை தரம் சொல்லியிருக்கிறன் உங்களுக்கு. அவள்தான் ஏறி வந்தவள். நான் இறங்கிக்கொண்டெல்லோ இருந்தனான்.”

ஆன்ட்டி தன் கோப்பையை ஊதிக்கொண்டிருந்தார்.

“ஆமா அங்கிள்” என்றேன். “ஏறி வர்றவங்களுக்குத்தான் வழி.”